திரளாமல் நின்ற இரண்டு குழாய்கள்

அறுவை சிகிச்சைக்கு முந்தின நாள் காலையில், மூன்றாவது தடவையாக என் கையில் ரத்தம் எடுக்க வந்தார்கள். முதல் தடவை வழக்கமானது. இரண்டாவது தடவை, "டியூப் மாறியிருக்குமோன்னு ஒரு டவுட்டு" என்றார்கள். அதையும் நம்பினேன். எங்கள் கம்பெனியில்கூட லேபிள் மாறி ஒட்டுவது உண்டு. மூன்றாவது தடவை வந்தவள் வார்டு நர்ஸ் இல்லை. கீழ்த்தளத்து ரத்த வங்கியிலிருந்து அவளே படியேறி வந்திருந்தாள். என் வயதுதான் இருக்கும். வெள்ளைக் கோட்டில் ஷர்மிளா என்று பெயர். என் பெயரை என் வாயாலேயே சொல்லவைத்து, கையில் கட்டியிருந்த பட்டையோடு ஒத்துப் பார்த்து, என் கண்ணெதிரிலேயே குழாயில் எழுதி ஒட்டி, அதை இன்னொரு முறை என்னைப் படிக்கவும் சொன்னாள்.

பயம் வந்திருக்க வேண்டும். எனக்கு மரியாதைதான் வந்தது. அதற்குக் காரணம் என் வேலை.

நான் எஸ்தர். வீடு அயனம்பாக்கம். மெக்கானிக்கல் டிப்ளமோ முடித்துவிட்டு, அம்பத்தூர் எஸ்டேட்டில் பிரேக்குக்கான சின்னச் சின்ன பாகங்கள் செய்யும் ஒரு கம்பெனியில் தரம் பார்க்கிறேன். ஒரே பாகத்தை இரண்டு விதமாக அளப்போம். இரண்டு அளவும் முரண்பட்டால் நடுவில் ஒரு எண்ணைப் போட்டு ஒப்பேற்றக் கூடாது, லைனை நிறுத்த வேண்டும். சூப்பர்வைசர் கத்துவார். கத்தினாலும் நிறுத்தியாக வேண்டும். அந்தப் பெண் லேபிளை ஒட்டிய விதத்தைப் பார்த்ததுமே புரிந்துவிட்டது: கீழே எங்கோ என்னால் ஒரு லைன் நின்றிருக்கிறது.

அந்தக் கட்டிலுக்கு நான் வந்து சேர்ந்த கதையைச் சொல்லிவிடுகிறேன். இரண்டு வருடத்தில் மூன்று நிமோனியா. அதாவது நுரையீரலின் காற்றுப் பைகளில் கிருமி புகுந்து சீழும் நீரும் நிறைந்துவிடுவது. இடையிடையே காது வலி, மூக்கடைப்பு, முகமெல்லாம் கனக்கும் சைனஸ். கம்பெனியில் மெஷின் ஆயில் புகைதான் காரணம் என்றார்கள். அம்மா ஏரிக் காற்றைச் சொன்னாள். அண்ணன் டேனியல், நான் தின்ற பானிபூரிகளைக் கணக்கு வைத்திருந்தான். சளியைப் பரிசோதித்ததில் காசநோய் இல்லை என்று வந்தது. அப்போதைக்கு மருந்து கொடுப்பார்கள், சரியாகும், மறுபடி வரும்.

மூன்றாவது நிமோனியாவில் மூச்சு இரைக்க, வானகரம் பைபாஸ் பக்கம் ஒரு தனியார் மருத்துவமனையில் சேர்த்தார்கள். அங்கே சி.டி. ஸ்கேனுக்காகக் காத்திருந்த மூன்று மணி நேரத்தில், எதிர்ச் சுவரில் இருந்த வரைபடம்போன்ற விரிசல்கள் முழுவதும் எனக்கு மனப்பாடம். ஸ்கேனில் இடது நுரையீரலின் கீழ்ப்பகுதி கெட்டிருந்தது. அடிக்கடி சீழ் தேங்கியதால் அங்கே காற்றுக் குழாய்கள் அகன்று தொய்ந்துபோயிருந்தன. மழைநீர் தேங்கித் தேங்கிப் பள்ளமான தெரு மாதிரி. பள்ளமானதால் இன்னும் தேங்கும்.

அறுவை சிகிச்சை மருத்துவர் நல்லவர், வேகமானவர். "இடது லங்ஸ்ல ரெண்டு பாகம் இருக்கு. கீழ்ப் பாகம்தான் எல்லாத்துக்கும் மூலம். எடுத்துட்டா நிம்மதி" என்றார். எனக்கு இருபத்துமூன்று வயது. நுரையீரலில் ஒரு பங்கை வெட்டி எடுத்து ஒரு தட்டில் வைப்பார்கள். படிவத்தில் கையெழுத்துப் போட்டேன். பக்கத்தில் அம்மாவும் போட்டாள். வழக்கமாக அழகாக எழுதுகிறவள், அன்று தன் பெயரில் ஒரு எழுத்தை விட்டுவிட்டாள். அந்த அறுவைக்கு இரண்டு பாட்டில் ரத்தம் தயாராக வைக்கத்தான் இந்த குரூப் பார்க்கும் வேலை.

மூன்றாவது ஊசிக்குப் பிறகு டேனியலுக்குப் பொறுக்கவில்லை. நர்ஸ் மேசைக்குப் போய் நின்றான்.

"இன்னா சிஸ்டர் இது, எத்தினி வாட்டிதான் குத்துவீங்க? எங்க ஊட்டுப் பொண்ணு இன்னா பெட்ரோல் பங்க்கா, வந்து வந்து புடிச்சுகினு போறதுக்கு?"

"கீழ போய்க் கேளுங்க சார். அவங்க அனுப்பச் சொன்னா நாங்க அனுப்புறோம்."

கேட்டுவிட்டு வருகிறேன் என்று போனவன், போன வேகம் இல்லாமல் திரும்பி வந்தான்.

"ஏய், உன் ரத்தத்துக்கு ரெண்டு பதில் வருதாம்டி. ஒரு பக்கம் பாத்தா ஓ. இன்னொரு பக்கம் பாத்தா ஏபி. அம்மா, உனுக்கு இன்னா குரூப்பு?"

"ஓ தான். உன் பிரசவத்துலயே எழுதிக் குடுத்தாங்களே."

"அம்மா ஓவா இருந்தா பொண்ணு ஏபியா பொறக்க சான்ஸே இல்லைன்னுது அந்தப் பொண்ணு. போச்சு, இவள ஆஸ்பத்திரில மாத்தி எடுத்தாந்துட்ட நீ."

"வாயிலயே போடுவேன். பெத்தவ நானு இங்க குந்திகினு கீறேன், மாத்திட்டாங்களாம்."

என்னால் உட்கார முடியவில்லை. என் அடையாள அட்டையில் 'ஓ பாசிட்டிவ்' என்று அச்சடித்தே இருக்கிறது. நர்ஸிடம் பத்து நிமிடம் அனுமதி வாங்கி, டிரிப் கம்பியைத் தள்ளிக்கொண்டு லிஃப்டில் இறங்கினேன்.

ரத்த வங்கியின் சன்னலுக்கு அந்தப் பக்கம் ஷர்மிளா இருந்தாள். நான் தரம் பார்க்கிறவள் என்று சொன்னதும் முகம் மலர்ந்துவிட்டது.

"அப்போ உங்களுக்கு ஈஸியாப் புரியும். ரெண்டு டெஸ்ட் இருக்கு. மொதல்ல உங்க சிவப்பணுவை எடுத்து எங்ககிட்ட இருக்கிற மருந்துல போடுவோம். ஏ மருந்துல திரளல, பி மருந்துல திரளல. அப்போ ஓ. நெறைய கேம்ப்ல இதோட விட்டுருவாங்க. நாங்க தலைகீழாவும் ஒரு தடவ பாப்போம். உங்க ரத்தத்துல மேல தெளிஞ்சு நிக்கிற தண்ணிய எடுத்து, எங்ககிட்ட இருக்கிற ஏ அணுவுலயும் பி அணுவுலயும் விடணும். நீங்க ஓன்னா ரெண்டும் கட்டியாத் திரளணும். இங்க பாருங்க."

முதலில் வேறு ஒருவருடைய குழாயைக் காட்டினாள். அடியில் மாதுளை முத்துபோல ஒரு சிவப்புக் கட்டி. ஆட்டினாலும் உடையவில்லை. பிறகு என்னுடையவை இரண்டு. லேசாக ஆட்டினாள். அடியில் இருந்த சிவப்பு புகைபோல எழும்பிக் கரைந்து, ரோஸ்மில்க்காக நின்றது.

"குளுர்ல அரை மணி நேரம் வெச்சும் பாத்துட்டேன். சில பேருக்குக் கம்மியா இருந்தா அப்போ தெரியும். உங்களுக்கு ஒண்ணுமே இல்ல."

அப்போது உள்ளே தொலைபேசி அடித்தது. அறுவைப் பிரிவின் இளைய மருத்துவர். அவர் குரல் சன்னலைத் தாண்டி எனக்கே கேட்டது. "ஓன்னு போட்டு அனுப்பும்மா. காலைல மொத கேஸ்."

"சார், பாட்டில் ஓ தான் குடுக்கப் போறோம். அதுல ஆபத்து இல்ல. ஆனா குரூப் ரிப்போர்ட்ல நான் கையெழுத்துப் போட முடியாது சார். இருக்க வேண்டியது இல்லாம இருக்கு. ஏன்னு தெரியணும்."

மறுமுனை ஏதோ சொன்னது. அவள் காதிலிருந்து கருவியைக் கொஞ்சம் தள்ளிப் பிடித்துக்கொண்டாள்.

"திட்டா?" என்றேன்.

"சேர்ந்து மூணு மாசம்தான் ஆவுது. இன்னிக்குக் கொஞ்சம் நீளமாத் திட்டுறாரு." பிறகு என்னைக் கூர்ந்து பார்த்தாள். "இது ஊசி போட்டு வர்றது இல்லங்க. ஓ குரூப்ல பொறந்த எல்லார் உடம்பும் தானாவே செஞ்சு வெச்சுக்கும். கைக்கொழந்தைக்குத்தான் இருக்காது. உங்களுக்கு அடிக்கடி ஏதாவது இன்ஃபெக்‌ஷன் வருமா?"

பதில் சொல்ல வாயைத் திறந்தேன். இருமல் முந்திக்கொண்டது. அவள் அதையே பதிலாக எடுத்துக்கொண்டு, படிவத்தின் ஓரத்தில் ஒரு வரி எழுதினாள்: எதிர்ப்பொருள் அளவு பார்க்கவும்.

மதியம் ரத்த வங்கியின் மருத்துவர் வந்து அந்த வரியைப் படித்துவிட்டு, அவரே மேலே பேசினார். அறுவை ஒரு நாள் தள்ளிப்போனது. எதிர்ப்பொருள் என்பது கிருமியைப் பிடித்துக்கொள்ள ரத்தத்தில் மிதக்கும் புரதம். அதில் முக்கியமான மூன்று வகைகளை அளந்தார்கள். மறுநாள் மாலை வந்த தாளில் மூன்று எண்களுக்கும் பக்கத்தில் கீழ்நோக்கிய அம்புக்குறி.

அறுவை மருத்துவர் தாளோடு வந்து கட்டில் ஓரத்திலேயே உட்கார்ந்துவிட்டார். "நாளைக்கு அறுக்கல. தேங்குறதுக்குக் காரணம் லங்ஸ் இல்ல, ரத்தம். இதைக் கவனிக்காம ஒரு பாகத்தை எடுத்திருந்தா, இன்னொரு பாகத்துல ஆரம்பிச்சிருக்கும். மூணு மாசம் வைத்தியம் பண்ணி ஸ்கேன் பாப்போம். சரியாகலன்னா அப்போ எடுக்க வேண்டி வரலாம்."

ஆக, நுரையீரலுக்கு மூன்று மாதத் தவணை.

நோய் எதிர்ப்புத் துறை மருத்துவர் அடுத்த நாள் வந்து மேலும் சில சோதனைகள் செய்தார். சின்ன வயதில் போட்ட தடுப்பூசிகளின் தடம்கூட என் ரத்தத்தில் சரியாக இல்லை. பி செல் என்ற வெள்ளையணுக்கள் எண்ணிக்கையில் இருந்தன. ஆனால் அவை முதிர்ந்து எதிர்ப்பொருள் செய்யும் கட்டத்துக்குப் போகவில்லை. எங்கள் கம்பெனி மொழியில் சொன்னால், ஆட்கள் எல்லாம் வந்து அட்டையில் பஞ்ச் அடித்திருக்கிறார்கள், புரொடக்‌ஷன் மட்டும் இல்லை. இது ஏன் வருகிறது என்று பலருக்குக் கண்டுபிடிக்க முடிவதில்லை என்றார்.

அம்மா தயங்கித் தயங்கிக் கேட்டாள். "இவளுக்கு நான் நாலு மாசத்துலயே பால் நிறுத்திட்டேன் டாக்டர். அதனாலயா?"

"இல்லம்மா. நீங்க செஞ்ச எதுவும் காரணம் இல்ல."

அம்மா தலையை ஆட்டினாள். அன்று மாலை ரசம் சாதம் பிசைந்து கொடுக்கும்போது இன்னொரு முறை என்னிடம் கேட்டாள். "அவங்க நெசமாத்தான் சொன்னாங்களா, இல்ல என் மனசுக்காகவா?"

அன்றிலிருந்து படிக்க ஆரம்பித்தேன். கையில் ஊசி, இன்னொரு கையில் போன். ஒரு நாள் சத்தமாகப் படித்தது தப்பாகப் போயிற்று.

"இன்னாது, பீ செல்லா?" என்றான் டேனியல். "உலகத்துல வேற பேரே கெடைக்கலயா இவனுங்களுக்கு?"

"இங்கிலீஷ் எழுத்துடா அது. மொதல்ல கோழியில கண்டுபிடிச்சாங்க. அதோட பின்பக்கத்துல ஒரு பை இருக்கும். அந்தப் பையோட பேர்ல இருந்து வந்த எழுத்து."

"எந்தப் பக்கத்துல?"

"பின்பக்கத்துல."

"அப்போ நான் சொன்னது கரெக்ட்டுதான்!" வார்டே சிரித்தது. எதிர்க் கட்டிலில் இருந்த அம்மாள் தையல் வலிக்கிறது என்று வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.

அவன் சிரிக்கட்டும். நான் படித்ததைச் சொல்லாமல் என்னால் இருக்க முடியாது.

மனிதருக்குப் பை கிடையாது, எலும்பு மஜ்ஜைதான் தொழிற்சாலை. அங்கே பிறக்கும் ஒவ்வொரு பி செல்லும் ஒரே ஒரு வடிவத்தைப் பிடிக்கும் கொக்கியோடு வெளிவருகிறது. அந்தக் கொக்கி எந்தக் கிருமியையும் பார்த்துச் செய்தது இல்லை. சில மரபணுத் துண்டுகளைச் சீட்டுக்கட்டுபோலக் கலைத்து, விழுந்த சேர்க்கையில் ஒரு கொக்கி. கோடிக்கணக்கில் செல்கள், கோடிக்கணக்கில் வடிவங்கள். நம் உடம்பையே பிடிக்கிற கொக்கி வந்துவிட்டால் பெரும்பாலும் வாசலிலேயே ரிஜெக்ட். இதைப் படித்தபோது படுக்கையில் எழுந்து உட்கார்ந்துவிட்டேன். இன்னும் உலகத்துக்கே வராத ஒரு கிருமிக்குக்கூட, யாரோ ஒருவர் உடம்பில் ஒரு அளவுகோல் ஏற்கனவே தயாராகத் தொங்கிக்கொண்டிருக்கலாம்!

பொருத்தமான கிருமி வந்து மாட்டியதும் அந்த ஒரு செல் பலவாகப் பெருகுகிறது. காய்ச்சலில் கழுத்திலும் அக்குளிலும் நெறி கட்டுகிறதே, அந்த இடங்களில்தான். பெருகும்போது கொக்கியில் வேண்டுமென்றே சின்னச் சின்ன மாற்றங்கள் செய்துகொள்கிறது. பொருத்தம் குறைந்தவை கழிகின்றன, கூடியவை மறுபடி பெருகுகின்றன. எங்கள் டூல் ரூமில் ஒரு கருவியைத் தேய்த்துப் பார்த்து, பொருத்திப் பார்த்து, மறுபடி தேய்ப்பதுபோல. கடைசியில் சில செல்கள் எதிர்ப்பொருளை நொடிக்கு ஆயிரக்கணக்கில் கொட்டும் ஆலைகளாகின்றன. சில, அடுத்த முறைக்காக நினைவு வைத்துக்கொண்டு காத்திருக்கின்றன. கற்றுக்கொள்ளும் எதிர்ப்பு என்பது இதுதான். தடுப்பூசி வேலை செய்வதும் இதனால்தான்.

இவ்வளவும் நடக்க ஒரு வாரத்துக்கு மேல் ஆகும். அதுவரை யார் பார்ப்பது? இங்கேதான் ஷர்மிளாவின் குழாய்கள் வருகின்றன. பி செல்களில் ஒரு கூட்டம் வாசல் காவல்போல. நோய் வரட்டும், பாடம் நடக்கட்டும் என்று காத்திருப்பதில்லை. பல கிருமிகளின் மேல் பொதுவாக இருக்கும் சர்க்கரைகளைக் குத்துமதிப்பாகப் பிடிக்கிற எதிர்ப்பொருளை முன்கூட்டியே ஊற்றிவைக்கின்றன. குடலில் வாழும் கிருமிகளின் சர்க்கரையும் ஏ, பி குரூப் ரத்தத்தின் சர்க்கரையும் ஏறக்குறைய ஒன்று. அதனால்தான் ஓ குரூப்காரர்கள் அந்நிய ரத்தத்தைப் பார்க்காமலேயே அதைத் திரளவைக்கும் எதிர்ப்பொருளோடு திரிகிறார்கள். பிறவிப் பாதுகாப்புக்கும் கற்ற பாதுகாப்புக்கும் நடுவில், இரண்டு ஷிப்டிலும் வேலை பார்க்கிற கூட்டம் இது. மனிதரில் இந்தக் காவல் செல்கள் சரியாக எவை என்பதில் விஞ்ஞானிகளுக்குள் இன்னும் வாக்குவாதம் இருக்கிறதாம். அதைப் படித்ததும் எனக்கு இன்னும் பிடித்துப்போயிற்று. என் உடம்பில் இரண்டு ஷிப்டுமே நின்றிருந்தன. வாசலில் யாரும் இல்லை என்பதை, இரண்டு குழாய்களை ஆட்டி ஒருத்தி கண்டுபிடித்தாள்.

வைத்தியம் எளிமையானது, ஆனால் முடிவில்லாதது. ஆயிரக்கணக்கானவர்கள் தானம் கொடுத்த பிளாஸ்மாவிலிருந்து பிரித்தெடுத்த எதிர்ப்பொருளை, நான்கு வாரத்துக்கு ஒரு முறை டிரிப்பில் ஏற்றுவார்கள். அது உடம்பில் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைந்துபோகும். என் செல்கள் அதைப் பார்த்துக் கற்றுக்கொள்ளாது. அதனால் மறுபடி ஏற்ற வேண்டும். விலை எங்கள் கைக்கு எட்டாதது. டேனியல் கம்பெனிக் காப்பீட்டுத் தாள்களோடு வரிசையில் போய் நின்றுவிட்டான்.

முதல் நாள் சொட்டுச் சொட்டாக ஆறு மணி நேரம். குளிர் எடுத்தது, தலை இடித்தது. நர்ஸ் வேகத்தைக் குறைத்து, போர்வை போர்த்தி, கால் மணிக்கு ஒருமுறை ரத்த அழுத்தம் பார்த்தார். நான் பாட்டிலையே பார்த்துக்கொண்டிருந்தேன். தண்ணீர் மாதிரி இருந்தது. யாருக்கோ வந்த அம்மை, யாரோ அழுதுகொண்டே போட்டுக்கொண்ட தடுப்பூசி, எந்த ஊரிலோ யாரோ ஒருவர் மூன்று நாள் சுருண்டு படுத்த காய்ச்சல், எல்லாவற்றிலும் அவர்கள் உடம்பு கற்ற பாடம் அந்தத் தண்ணீரில் இருந்தது.

"அத்தினி பேரு ஜுரத்துல படுத்தது, நீ சொகுசா ஏத்திகினு கீற" என்றான் டேனியல். கால் குளிர்கிறதா என்று போர்வைக்குள் கைவிட்டுப் பார்த்துக்கொண்டேதான் சொன்னான்.

தேங்கிய சளியை வெளியேற்ற, தினமும் இரண்டு வேளை நான் தலைகீழ்ச் சாய்வாகப் படுக்க, அம்மா கையைக் குவித்து இடது முதுகில் தட்ட வேண்டும். பிசியோதெரபிஸ்ட் பார்த்துவிட்டு, "இன்னும் பலமா அடிங்கம்மா" என்றார். அம்மாவுக்குக் கை வரவில்லை.

"ஸ்கூல் படிக்கச்சே மட்டும் கை கூசாம வெளுத்தியே?" என்றான் டேனியல்.

"அப்போ தப்பு பண்ணா. இப்போ இன்னா பண்ணா அவ?"

வீட்டுக்கு வந்த பிறகும் மூன்று மாதம் ஒரு வேளைகூடத் தவறாமல் தட்டினாள். நான் இருமித் துப்புவதை முகம் சுளிக்காமல் பார்த்து, நிறம் மாறுகிறதா என்று சொல்வாள். பச்சை மஞ்சளாயிற்று. மஞ்சள் வெளுத்தது. மூன்றாவது டிரிப்புக்குப் பிறகு, தட்டினாலும் வருவதற்கு ஒன்றும் இல்லை. ஆனாலும் ஸ்கேன் என்ன சொல்லும் என்று தெரியாமல், குறித்த நாளுக்கு முந்தைய வாரம் முழுக்க வீட்டில் யாரும் அந்தப் பேச்சையே எடுக்கவில்லை.

அறுவை மருத்துவர் பழைய படத்தையும் புதிய படத்தையும் அருகருகே வைத்து நெடுநேரம் பார்த்தார்.

"அகண்டுபோன குழாய் அகண்டதுதான். அது சுருங்காது. ஆனா உள்ள தேங்கி இருந்தது இல்ல. புதுசா எங்கயும் இல்ல." நாற்காலியைத் திருப்பிக்கொண்டார். "அறுக்க வேண்டாம்."

"இப்போதிக்கா டாக்டர், எப்பவுமேவா?" என்றாள் அம்மா.

"இப்போதைக்கு. மாசா மாசம் டிரிப் தவறாம ஏத்தினா, எப்பவும்னே ஆகலாம்."

அம்மா கைப்பையை மூடி மூடித் திறந்தாள். அவர் ஸ்டெதஸ்கோப்பை எடுத்து என் முதுகின் இடது கீழ்ப் பக்கத்தில், மூன்று மாதத்துக்கு முன்பு கத்தி வைத்திருக்க வேண்டிய இடத்தில் வைத்தார்.

"நல்லா மூச்சை இழுங்க."

இழுத்தேன். இருமல் வரும் என்று எதிர்பார்த்தேன். வரவில்லை. காற்று கீழே, இன்னும் கீழே, அடிவரை போய் உட்கார்ந்தது.

"போதும். விடலாம்."

நான் மூச்சை விடாமலேயே கையை உயர்த்தி, அவரைக் கொஞ்சம் பொறுக்கச் சொல்லிச் சைகை காட்டினேன்.